துவட்டாத ஈரம்

நீரிணையை நீந்திக் கடந்து அக்கரையில் ஏறிய ஐஸ்காரனின் உடம்பு அதற்குப் பிறகு காயவே இல்லை. முதல் நாள் அதை யாரும் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. கடலிலிருந்து வந்தவன் ஈரமாக இல்லாமல் பொடி பூசிக்கொண்டா வருவான் என்றார்கள். மறுநாள் வரவேற்புக் கூட்டத்தில் அவன் உட்கார்ந்து எழுந்த நாற்காலியில் ஒரு டம்ளர் தண்ணீர் தேங்கியிருந்தது. வாரக் கடைசியில் அவன் மனைவி மெத்தையின் ஒரு மூலையைப் பிழிந்து, விரலில் தொட்டு, நாக்கில் வைத்துப் பார்த்துவிட்டு, “கடல்” என்றாள். வியர்வையின் உப்பு வேறு, கடலின் உப்பு வேறு. துறைமுகத்து ஊரில் பிறந்தவர்களுக்கு இதில் குழப்பம் வராது. தலைமுடி நுனியிலிருந்தும் முழங்கையிலிருந்தும் காது மடலிலிருந்தும் நீரிணை கொஞ்சம் கொஞ்சமாகச் சொட்டிக்கொண்டிருந்தது. கடலில் ஏற்றம் வரும் வேளையில் அதிகமாகவும் வற்றம் வரும் வேளையில் குறைவாகவும் சொட்டியது.

அதற்கு முன் அவன் ஐஸ் பேக்டரியில் பாளம் இழுக்கிற வேலையில் இருந்தான். உப்புநீர்த் தொட்டியில் இறக்கிவைத்த தகர டப்பாக்களில் தண்ணீர் உறைந்ததும், சங்கிலியால் மேலே தூக்கி, சாதாரணத் தண்ணீரில் ஒரு முக்கு முக்கி, கழன்று வரும் பாளத்தைக் கொக்கி போட்டுச் சரிவுப் பலகையில் இழுத்து லாரிக்கு விடவேண்டும். அந்த வேலையில் விரல் மரத்துப்போகாத ஆள் அவன் ஒருவன்தான். மேனேஜர் திட்டினால் “சரிங்க” என்பான். திட்டாவிட்டாலும் எதற்கும் இருக்கட்டும் என்று “சரிங்க” என்பான். கதவில் முட்டிக்கொண்டால் கதவிடம் மன்னிப்புக் கேட்கிற ஆள் என்று அவனைக் கேலி செய்வோம். ஒருமுறை உண்மையிலேயே கேட்டான், அந்தக் கதவும் அதைப் பெரிதுபடுத்தாமல் விட்டுவிட்டது.

அவனுக்கு ஒரு அக்கா. துறைமுகத்துக்கு வெளியே நங்கூரம் போட்டு நிற்கும் கப்பல்களுக்கு ஃபிட்டர்களையும் மாலுமிகளையும் துடுப்புப் படகில் கொண்டுபோய் விட்டுவருவது அவள் தொழில். துடுப்பைவிட நாக்கு நீளம் என்று பேர் வாங்கியவள். சாயங்காலம் பேக்டரி சங்கு ஊதியதும் தம்பி நேராகப் படகுத்துறைக்கு வந்து கடலில் குதித்துவிடுவான். நாள் முழுக்க ஐஸோடு புழங்கியவனுக்குக் கடல் வெந்நீர். அக்காவின் படகு கப்பலுக்குப் போய்த் திரும்பும்வரை பக்கத்திலேயே நீந்திப் போய் நீந்தி வருவான். கரையேறியதும் அவள் ஒரு முரட்டுத் துண்டை அவன் தலையில் போட்டு, அடிப்பிடித்த பாத்திரத்தைத் தேய்ப்பதுபோலத் துவட்டுவாள். முதலில் தலை, அப்புறம் காது, அப்புறம் முதுகு. துவட்டி முடியும்வரை திட்டுவாள், முடிந்ததும் முதுகில் ஒரு அடி வைத்து, “ஆச்சு, போ” என்பாள். முப்பது தாண்டி, கல்யாணமும் ஆனவன், அக்காவுக்கு எட்டவேண்டும் என்று தினமும் தலையைக் குனிந்துகொடுத்தான். அடி விழாமல் அவன் வீட்டுக்குப் போனதாக யாருக்கும் நினைவில்லை.

நீச்சல் சங்கம் நீரிணைப் போட்டியை அறிவித்தபோது பேர் கொடுத்தது அக்காதான். விதி ஒன்றுதான், ஆனால் கறாரானது. அக்கரை மண்ணில் சொந்தக் காலில் நிற்கும்வரை நீந்துகிறவனை ஒரு கையும் தொடக்கூடாது, அவனும் படகைத் தொடக்கூடாது. பசித்தால் நீளக் கம்பு ஒன்றின் நுனியில் கட்டிய குவளையில் சர்க்கரைத் தண்ணீரை நீட்டலாம். படகில் சங்கத்து மேற்பார்வையாளர் ஒருவர் விசிலோடு உட்கார்ந்திருப்பார். அவனுக்கு முன் போனவர்களில் சிலர் பாதியில் படகேறினார்கள், ஒருவர் ஏறவும் இல்லை.

நடுக்கடலில் நீரோட்டம் அவனைப் பக்கவாட்டில் இழுத்தது. ஜெல்லி மீன்கள் பட்டுத் தோளெல்லாம் சூடு வைத்த மாதிரி தடித்துப்போயிற்று. கம்பு நுனிக் குவளையைப் பிடிக்கக்கூட விரல் மடங்கவில்லை. “அக்கா, போதும், தூக்கு” என்று அழுதான். மேற்பார்வையாளர் இளகிய மனசுக்காரர், எழுந்து கையை நீட்டிவிட்டார். அக்கா துடுப்பைக் குறுக்கே போட்டாள்.

“உங்க கை பட்டா இவ்வளவு தூரம் அடிச்சதெல்லாம் வீண். உக்காருங்க சார்.”

“செத்துடுவான்மா.”

“என் தம்பி எப்ப சாவான்னு எனக்குத் தெரியும்.” பிறகு தண்ணீரைப் பார்த்துச் சொன்னாள், “முடியலன்னா முடியாதவன் மாதிரியே நீந்துடா. யாரு கேக்கப்போறா. கரைக்கு வா, நான் துவட்டி விடறேன்.”

அவன் முடியாதவன் மாதிரியே நீந்தினான். மேற்பார்வையாளர் பின்னாளில் சொன்னது இது: அதற்கப்புறம் அவள் துண்டை எடுத்து மடியில் வைத்துக்கொண்டாள், அவன் மூச்சுக்குத் தலை திருப்பும்போதெல்லாம் அந்தத் துண்டைத்தான் பார்த்தான்.

அக்கரையில் கேமராக்களும் கூட்டமும் காத்திருந்தன. அவன் தள்ளாடி எழுந்து மண்ணில் நின்றான். விசில் ஊதியது. அக்கா படகை மேற்பார்வையாளரிடம் விட்டுவிட்டு, துண்டு நனையாமல் இருக்கத் தலைமேல் தூக்கிப் பிடித்தபடி இடுப்பளவுத் தண்ணீரில் ஓடிவந்தாள். வந்து அவன் தலையில் போட்டாள். அவன் குனியவில்லை. வாழ்க்கையில் முதல்தடவையாக அத்தனை பேர் அவனையே பார்த்துக்கொண்டிருந்தார்கள். முழங்கையால் துண்டைத் தள்ளி, “இரு, போட்டோ எடுக்கறாங்க” என்றான். துண்டு நழுவியது, அவள் மண்ணில் விழாமல் பிடித்துக்கொண்டாள். ஒரு பத்திரிகைக்காரர் நடுவில் புகுந்து, “படகுல வந்தது யாரு?” என்று கேட்டார். அவன் அக்காவைப் பார்த்தான். ஊரே பார்க்கும்போது பொம்பளை கையால் தலை துவட்டிக்கொள்கிற ஆள் என்று சிரிப்பார்களோ என்று நினைத்தானோ, இல்லை வேறென்ன நினைத்தானோ. “கூலிக்குப் பிடிச்ச படகுங்க” என்றான்.

அக்கா துண்டை நாலாக மடித்தாள். படகின் பலகைக்கு அடியில் இருக்கும் பெட்டியில் வைத்தாள். தனியாகத் துடுப்புப் போட்டுத் திரும்பினாள். அந்தக் கடலை அன்றைக்கு இரண்டு தடவை கடந்தவள் அவள் ஒருத்திதான். அதற்குப் போட்டியும் இல்லை, விசில் ஊத ஆளும் இல்லை.

எங்கள் ஊர் அதுவரை எதற்கும் பேர் வாங்கியதில்லை. நடுவில் ஒருமுறை எலிக்காய்ச்சலுக்கு வாங்கியது. ஆகவே நாங்கள் அவனை விடுவதாக இல்லை. பள்ளிக்கூடம் திறக்க, கடை திறக்க, திறந்தே கிடந்த பாலத்தை மறுபடி திறக்க அவனைக் கூப்பிட்டோம். ஈரத்தைப் பற்றி முதலில் டாக்டர் பார்த்தார், தண்ணீரைக் குறைத்துக் குடிக்கச் சொன்னார். டாக்டரால் ஆகாததைக் குழாய் ரிப்பேர்காரர் பார்த்தார். அவனைச் சுற்றி வந்து, முழங்கையைத் தட்டிப் பார்த்து, வாஷர் போயிருக்கும் என்றார். பிறகு யாரும் காரணம் தேடவில்லை. அற்பனுக்கு வாழ்வு வந்தால் அர்த்த ராத்திரியில் குடை பிடிப்பான் என்பார்கள். இவன் விஷயத்தில் குடை பிடித்தது நாங்கள்தான். பேச்சின் நடுவே அவன் தலையைச் சிலுப்புகிற பழக்கம் வைத்திருந்ததால், முன்வரிசைக்காரர்கள் மண்டபத்துக்குள்ளேயே குடை விரித்து உட்கார்ந்தார்கள். பின்வரிசைக்காரர்களுக்கு முன்வரிசைக்காரர்கள்மேல் பொறாமை.

“சரிங்க” என்ற சொல் முதலில் அவன் வாயிலிருந்து போனது. அப்புறம் கேட்பது போனது, பிறர் சொல்வதைக் காதில் வாங்காமல் மூக்கு நுனியில் சொட்டும் தண்ணீரை மட்டும் துடைத்துவிட்டுக்கொண்டு நிற்பான். ஐஸ் பேக்டரி ஆண்டுவிழாவுக்கு விருந்தாளியாக வந்தபோது மேனேஜர் அவனுக்கு “சரிங்க” சொன்னார். அவனோடு வருஷக்கணக்கில் கொக்கி பிடித்த கூட்டாளி சரிவுப் பலகையின் மேலிருந்து, “டேய் ஐஸு” என்று கையாட்டினான்.

“சாம்பியன்னு கூப்பிடு” என்றான் இவன்.

“சரி சாம்பியன். காலை எடு, பாளம் வருது.”

கூட்டாளிக்கு அந்த மாதத்தோடு வேலை போனது. சாம்பியன் எதுவும் சொல்லவில்லை என்று மேனேஜர் சொன்னார். அது உண்மைதான். போகவேண்டாம் என்றும் அவன் சொல்லவில்லை.

நீரிணைக் கதையை அவன் மேடைக்கு மேடை சொன்னான். முதல் வருஷக் கதையில் கூலிப்படகு கூடவே வந்தது. அடுத்த வருஷம் அந்தப் படகு நடுக்கடலில் வழி தவறியது, இவன் நீந்திக்கொண்டே அதற்கு வழி காட்டினான். அதற்கடுத்த வருஷம் படகே இல்லை. நாங்கள் மூன்றுக்கும் ஒரே மாதிரி கைதட்டினோம். துண்டுக் கம்பெனி ஒன்று விளம்பரத்துக்கு அவனைப் பிடித்தது. அவர்களுடைய துண்டுகள் ஒவ்வொன்றாக அவன்மேல் தோற்றுக் கனத்து விழுந்ததால், துவட்டுவதற்கு முந்தைய படத்துக்கு அவனையும், துவட்டிய பிந்தைய படத்துக்கு அவன் சாயலில் ஒரு காய்ந்த ஆளையும் நிற்கவைத்துச் சமாளித்தார்கள்.

ஊர் கொடுத்த பெரிய வீட்டில் முதல் மழைக்காலத்திலேயே சுவரில் பூஞ்சை ஏறியது. மழை முடிந்தும் இறங்கவில்லை. அலமாரிக் கதவுகள் உப்பிப்போய் மூடமறுத்தன. தையல் தெரிந்த மனைவி ரப்பர் துணியில் மெத்தைக்கும் சோபாவுக்கும் உறை தைத்தாள். அந்த வீட்டில்தான் மகள் பிறந்தாள். குழந்தை பிறந்ததிலிருந்தே நெஞ்சில் சளி. ஈரம் ஆகாது, ஈரச் சுவர் ஆகாது, ஈரக் கை ஆகவே ஆகாது என்று டாக்டர் சொன்னார். மனைவி கணவனிடம் அதைப் பக்குவமாகத்தான் சொன்னாள். “சாம்பியனைத் தொடாதேன்னு சொல்ற முதல் ஆள் நீதான்” என்று அவன் நாலு நாள் பேசவில்லை. ஆனால் குழந்தைக்கு அவன்மேல் கொள்ளை ஆசை. அப்பா உட்கார்ந்தால் அடியில் குளம் வரும் என்பது அவளுக்குத் தெரியும். அம்மா மடித்துக் கொடுத்த காகிதத்தோடு தவழ்ந்து வந்து, பிறகு நடந்து வந்து, அவன் நாற்காலிக்கு அடியில் கப்பல் விடுவாள். ஒருநாள் அவனுக்கு என்ன தோன்றியதோ, குனிந்து, “படகுல யாரு?” என்று கேட்டான்.

“அத்தை” என்றாள் குழந்தை. அம்மா சொல்லித் தெரிந்துவைத்திருந்தாள்.

அவன் நிமிர்ந்து உட்கார்ந்தான். அன்று முழுக்க அந்த நாற்காலியை விட்டு எழவில்லை. கப்பல் ஊறிக் கரைந்துபோயிற்று.

மனைவி கணவனுக்குத் தெரியாமல் படகுத்துறைக்குப் போனாள். அக்கா கயிறு சுற்றிக்கொண்டிருந்தாள்.

“அண்ணி, ஒரு தடவை வந்து துவட்டிட்டுப் போங்க. நீங்க துவட்டினாத்தான் காயும்னு எனக்குத் தோணுது. பிள்ளைக்கு மூச்சு இழுக்குது.”

“வர்றேனே. கூலி என்ன தருவான்?”

“அண்ணி.”

அக்கா கயிற்றைச் சுற்றி முடித்தாள். “அவன் வாயால ஒரு தடவை அக்கான்னு கூப்பிடட்டும். ஓடி வர்றேன்” என்றாள்.

அவன் கூப்பிடவில்லை. கூப்பிடச் சொல்லி மனைவி மூன்று தினுசாகக் கேட்டுப் பார்த்தாள். கூப்பிடாமலேயே ஒரு காலையில் அக்கா அந்தத் துண்டை எடுத்துக்கொண்டு புறப்பட்டு வந்தாள். அத்தைக்கும் பிள்ளை மேல் ஆசை இருக்குமே. கேட்டில் காவலாளி, “யாருன்னு சொல்றதும்மா?” என்று கேட்டான். அக்கா என்று சொன்னால் போதும். அந்த ஒரு சொல்லுக்குத்தான் அவளும் இத்தனை வருஷமாகக் காத்திருந்தாள் என்பதால் அது முதலில் தன் வாயிலிருந்து வர மறுத்திருக்கலாம். நாக்கு நீளம் என்று நாங்கள் வைத்த பேரை அன்றைக்கும் காப்பாற்றினாள்.

“கூலிக்குப் பிடிச்ச படகு வந்திருக்குன்னு சொல்லு.”

காவலாளி கடமையில் குறை வைக்காதவன், சொன்னதை அப்படியே போய்ச் சொன்னான். உள்ளே துண்டுக் கம்பெனிக்காரர்கள் உட்கார்ந்திருந்தார்கள். அவன் மூக்கு நுனியில் திரண்ட சொட்டு விழாமல் கொஞ்ச நேரம் அப்படியே நின்றது என்று காவலாளி சொல்கிறான். அப்புறம் அது விழுந்தது. “வேலையா இருக்கேன். அப்புறம் வரச் சொல்லு” என்றான். அப்புறம் என்றால் எப்போது என்று அக்கா கேட்டாள். அதை அவர் சொல்லவில்லை என்றான் காவலாளி. மேலே ஜன்னலிலிருந்து மனைவி கூப்பிட்டபோது அவள் தெருமுனை திரும்பிவிட்டிருந்தாள்.

குளிர்காலத்தில் அக்கரைக்காரன் ஒருவன் அதே கடலை இவனைவிடச் சீக்கிரம் நீந்தி இந்தப் பக்கம் வந்து ஏறினான். ஏறியதும் ஒரு கிழவர் அவனைப் போர்வையில் சுற்றி அணைத்துக்கொண்ட படம் எல்லாப் பேப்பரிலும் வந்தது. அவன் நன்றாகக் காய்ந்திருந்தான். எங்களுக்கு அதற்குள் ஈரம் அலுத்திருந்தது. புது நீச்சல்குளம் திறக்கிற விழாவில் இவன் பேசுவதாக இருந்தது, பாதி நாற்காலி காலி. கூட்டத்தின் மனசைத் தொட ஏதாவது வேண்டும், குழந்தையைத் தூக்கிக்கொண்டு மேடையேறினால் நன்றாக இருக்கும் என்று அவனுடைய ஏஜென்ட் சொன்னான். மனைவி மருந்து வாங்கப் போயிருந்த நேரத்தில் அவன் மகளைத் தூக்கிக்கொண்டு காரில் ஏறினான். அப்பா தானாகத் தூக்குகிறார் என்று அவளுக்குச் சந்தோஷம். மேடையில் வாடைக்காற்று. தலைவர் பேசினார், காண்ட்ராக்டர் பேசினார், குளத்துக்குக் கல் கொடுத்தவர் பேசினார். குழந்தை அவன் இடது தோளில் கன்னத்தை வைத்து, கழுத்தைக் கட்டிக்கொண்டு தூங்கிவிட்டாள். பேச்சுகள் முடியும்வரை அவன் அவளை இறக்கவில்லை. கைதட்டல் நன்றாகவே வந்தது.

நிமோனியா என்றார் டாக்டர். ஆஸ்பத்திரி வார்டுக்குள் அவனை விடவில்லை, தரை வழுக்குகிறது என்று நர்ஸ் சொல்லிவிட்டாள். அவன் வெளி நடையில் பெஞ்சில் உட்கார்ந்திருந்தான். துடைப்பக்காரர் ஒருவர் வாளியோடு அவனைச் சுற்றிச் சுற்றித் துடைத்துக்கொண்டிருந்தார். அந்த வாரமே குழந்தை போய்விட்டது. அடக்கம் செய்யக் கொண்டுபோகும்போது, பிள்ளையை வாங்கவும் துணிவில்லாமல், விலகவும் மனமில்லாமல் கையைப் பின்னால் கட்டிக்கொண்டு நின்றான். மனைவிதான் கொண்டுவந்து அவனிடம் கொடுத்தாள்.

“தூக்கிக்குங்க. இனிமே சளி பிடிக்காது” என்றாள்.

அவள் குரலில் கோபம் இருந்ததாக யாரும் சொல்லவில்லை. அன்று மாலையே தையல் மிஷினை வண்டியில் ஏற்றிக்கொண்டு தன் அம்மா வீட்டுக்குப் போனாள். திரும்பி வரவில்லை. வந்தாலென்ன என்று கேட்கிற தைரியம் எங்களில் யாருக்கும் இருக்கவில்லை.

மறுநாள் பகலில் அவன் பெரிய வீட்டிலிருந்து படகுத்துறைக்கு நடந்தான். கடைவீதி வழியாக, பேக்டரி வாசல் வழியாக, அவன் நடந்த வழியெல்லாம் ஒரு ஈரக்கோடு விழுந்தது. எதிரில் வந்தவர்கள் அந்தக் கோட்டை மிதிக்காமல் தாண்டிப் போனார்கள். அக்கா படகில் சேர்ந்த தண்ணீரைத் தகர டப்பாவால் இறைத்துக்கொண்டிருந்தாள். அவன் துறையின் கடைசிப் படியில் நின்றான். வாய் திறந்தது. அக்கா என்று சொல்லத்தான் வந்திருக்கிறான் என்பது துறையில் நின்ற எல்லாருக்கும் தெரிந்தது. சத்தம் வரவில்லை, கொஞ்சம் தண்ணீர்தான் வந்தது. அவளும் டப்பாவைக் கீழே வைத்துவிட்டு அவனையே பார்த்தாள். அவள் ஏதாவது சொல்லப்போகிறாள், நாலு வருஷத்துக்குச் சேர்த்துச் சொல்லப்போகிறாள் என்று நாங்கள் காத்திருந்தோம்.

“என்கிட்ட எதுக்குடா வாயைத் திறக்கற” என்றாள். “நானும்தான் உன் வாசல்ல நின்னு வாயைத் திறந்தேன், அக்கான்னு வரல. குனி.”

பலகைக்கு அடியில் இருந்த துண்டை எடுத்தாள். அவன் குனிந்தான். முதலில் தலை. துண்டுக் கம்பெனியின் அத்தனை துண்டும் தோற்ற தலைமுடி, இரண்டு தேய்ப்பில் காய்ந்து பஞ்சுபோல நின்றது. அப்புறம் காது. அப்புறம் முதுகு. வலது தோள், கை, விரல் இடுக்கு. அவள் ஒரு வார்த்தை திட்டவில்லை. கடைசியாக இடது தோளுக்கு வந்தாள். அங்கே ஒரு சின்னக் கன்னமும் ஒரு சின்னக் கையும் படிகிற அளவுக்கு ஈரம் நின்றது. துடைத்தாள், மறுபடி நனைந்தது. துண்டைத் திருப்பிக் காய்ந்த பக்கத்தால் துடைத்தாள், மறுபடி நனைந்தது. தோல் சிவக்கும்வரை தேய்த்தாள். பிறகு நிறுத்திக்கொண்டு, துண்டைப் பிழிந்து, துடுப்பின்மேல் விரித்தாள். முதுகில் அடி விழும் என்று அவன் குனிந்தபடியே இருந்தான். அவள் அந்தத் தோளின்மேல் கையை வைத்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றாள். கை நனைந்தது.

ஊர் கொடுத்த வீட்டை ஊர் எடுத்துக்கொண்டது, சுண்ணாம்பு அடித்து அதில் இப்போது தபால் ஆபீஸ் நடக்கிறது. ஐஸ் பேக்டரியில் அவனைத் திரும்ப எடுத்துக்கொள்வதாக மேனேஜர் சொன்னார். தன் கூட்டாளியை எடுத்துக்கொள்ளும்படி அவன் கேட்டான், எடுத்துக்கொண்டார்கள். கூட்டாளி இன்னும் அவனோடு பேசுவதில்லை. அவன் அக்காவின் படகில் கயிறு போடவும் இரண்டாம் துடுப்புப் பிடிக்கவும் இருக்கிறான். கேட்டதற்கெல்லாம் “சரிங்க” என்கிறான், ஆனால் பழைய சரிங்க மாதிரி அது இல்லை. கடலில் இறங்குவதில்லை. இடது தோள் மட்டும் ஈரமாகவே இருக்கிறது. ஏற்றம் வந்தால் சட்டை தாண்டிச் சொட்டும். வெளியூர் மாலுமி யாராவது விஷயம் தெரியாமல், சட்டை நனைஞ்சிருக்கே என்றால், “அது அப்படித்தான். நீங்க உங்க காலை உள்ள வைங்க” என்பாள் அக்கா. ஊர்க்காரர்கள் கேட்பதில்லை. படகில் ஏறும்போதே பார்த்து, அவனுக்கு வலது பக்கமாகப் போய் உட்கார்ந்துகொள்கிறார்கள்.